பாக்கி விழுந்தால்தான் குத்தகைதாரர்

பிரதி, வாசிப்பு, பிரதியின் மௌனங்கள் என்றெல்லாம் முப்பது வருஷமாகப் பேசிக்கொண்டிருக்கிறோம். கவிதையை வாசித்தோம், நாவலை வாசித்தோம், சினிமாவையும் பாடப்புத்தகத்தையும் பிரித்து மேய்ந்தோம். ஆனால் ஒரு சட்டத்தை எடுத்து வைத்துக்கொண்டு, இதற்குள் யாருக்குப் பெயர் இருக்கிறது, யாருக்கு இல்லை, யார் எந்தக் கணத்தில் 'ஆள்' ஆகிறார் என்று வாசித்த கட்டுரைகள் நம் பத்திரிகைகளில் அபூர்வம். சட்டம் என்றாலே ஒன்று வக்கீல் சமாச்சாரம் என்று ஒதுங்கிவிடுகிறோம். இல்லையென்றால் 'ஆளும் வர்க்கத்தின் கருவி' என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறோம். இரண்டாவது சரிதான். ஆனால் கருவியைக் கழற்றிப் பார்க்காதவன் அதை எந்த இடத்தில் மடக்குவான்?

நான் வக்கீல் இல்லை. அரியலூர், பெரம்பலூர்ப் பக்கம் சில வருஷங்கள் சங்கத்துக்காரர்களோடு அலைந்து மனு எழுதிக் கொடுத்தவன், அவ்வளவுதான். அந்த அலைச்சலில் திரும்பத் திரும்பக் கையில் எடுக்க நேர்ந்தது 1955ஆம் வருஷத்துச் சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம். அதிலும் மூன்றாம் பிரிவு. இந்தக் கட்டுரை அந்த ஒரு பிரிவைப் பற்றியது.

பிரிவின் தொடக்கம் கம்பீரமானது. எந்தச் சாகுபடிக் குத்தகைதாரரையும் நிலத்திலிருந்து வெளியேற்றக் கூடாது, நீதிமன்ற ஆணை இருந்தாலும் கூடாது என்கிறது. அடுத்த மூச்சிலேயே விலக்குகள் வருகின்றன. நிலத்துக்கோ பயிருக்கோ சேதம் செய்தவர், நிலத்தை விவசாயம் அல்லாத வேலைக்குப் பயன்படுத்தியவர், நிலக்காரரின் உரிமையை வேண்டுமென்றே மறுத்தவர் ஆகியோருக்குப் பாதுகாப்பு இல்லை. இவர்களுக்கெல்லாம் முன்னால், பட்டியலின் தலையில் இருப்பவர் குத்தகைப் பாக்கி வைத்தவர். குத்தகை கொடுக்க வேண்டிய நாளிலிருந்து ஒரு மாதம். அதற்குள் கொடுக்கவில்லையென்றால் பாதுகாப்பு விலகிவிடும்.

விலகிய உடனே ஆளைத் தூக்கி வெளியே போட முடியாது. நிலக்காரர் கோட்டாட்சியரிடமோ வருவாய் நீதிமன்றத்திலோ மனுப் போட வேண்டும். சுருக்க விசாரணை நடக்கும். பாக்கி இருப்பது உண்மை என்று தெரிந்தாலும், நிலக்காரர், குத்தகைதாரர் இருவரின் நிலைமையையும் ஒப்பிட்டுப் பார்த்து, நியாயமாகப் படுகிற அவகாசத்தை அதிகாரி கொடுக்கலாம். அந்தக் கெடுவுக்குள் பாக்கியையும் செலவுத் தொகையையும் கட்டிவிட்டால் வழக்குத் தீர்ந்தது. கட்டாதபோதுதான் வெளியேற்ற உத்தரவு. இருவரின் நிலைமையையும் ஒப்பிட்டு என்று எழுதியவருக்கு நல்ல மனசு இருந்திருக்க வேண்டும். பத்து ஏக்கர் வைத்திருப்பவருக்கு ஒரு வருஷ நெல் தாமதமானால் என்ன ஆகும், அரை ஏக்கர் உழுகிறவருக்கு நிலம் போனால் என்ன ஆகும் என்று தராசில் வைத்துப் பார்க்கச் சொல்லும் வரி அது. நம் சட்டப் புத்தகங்களில் இப்படிப்பட்ட வரிகள் அதிகம் இல்லை.

சரி, இந்த நல்ல வரி யாருக்குக் கிடைக்கிறது?

இங்கேதான் நெருடல். அந்த அவகாசம் கிடைக்க வேண்டுமானால் முதலில் நிலக்காரர் மனுப் போட வேண்டும். மனுப் போட்டால் அதில் 'எதிர்மனுதாரர் என்னுடைய குத்தகைதாரர், இத்தனை கலம் பாக்கி' என்று எழுத வேண்டும். அதாவது வெளியேற்றச் சொல்லிக் கேட்கும் அந்தக் காகிதம்தான், இவர் குத்தகைதாரர் என்று நிலக்காரர் தன் கைப்பட ஒப்புக்கொள்ளும் காகிதமும். பல குடும்பங்களுக்கு இரண்டு தலைமுறை உழுததில் கிடைக்காத எழுத்துச் சாட்சி, பாக்கி வழக்கில் கிடைத்துவிடுகிறது. பாக்கி விழுந்த பிறகே அவர் சட்டத்தின் கண்ணுக்குத் தெரிகிறார். ஒழுங்காகக் கொடுத்துக்கொண்டிருந்த வருஷங்களில் அப்படி ஒரு ஆளே இல்லை.

நிலக்காரர்களுக்கு இது நம்மைவிட நன்றாகத் தெரியும். அதனால் விவரம் தெரிந்த நிலக்காரர் பாக்கி வழக்கே போடுவதில்லை. போடவேண்டிய அவசியமும் அவருக்கு இல்லை. வருஷா வருஷம் ஆளை மாற்றிவிடுவார். அல்லது முன்சீப் கோர்ட்டுக்குப் போய், 'இவர் யாரென்றே எனக்குத் தெரியாது, என் நிலத்தில் நுழையப் பார்க்கிறார்' என்று தடையுத்தரவு கேட்பார். குத்தகைத் தகராறு என்றால் உரிமையியல் நீதிமன்றத்துக்கு அங்கே வேலை இல்லை என்று சட்டம் கதவைச் சாத்தியிருக்கிறது. ஆனால் 'குத்தகையே இல்லை' என்று சொல்லிக்கொண்டு வருகிறவருக்குக் கதவு திறந்துதான் இருக்கிறது. எதிரே நிற்பவர் தான் குத்தகைதாரர் என்று நிரூபித்தால்தான் கதவு மறுபடி சாத்தும். நிரூபிக்க அவரிடம் என்ன இருக்கிறது?

திருமானூர்ப் பக்கம், கொள்ளிடக் கரையோர ஊர் ஒன்றில், ஒரு பெரியவரிடம் ரசீது கேட்டேன். சிரித்தார். "ரசீதா? ஏந்தம்பி, அவுங்க வூட்டுத் திண்ணையில நெல்லக் கொட்டிட்டு, உள்ளேருந்து மோர் குடுத்தாங்கன்னா குடிச்சுட்டு வர்றதுதான் ரசீது. சீட்டு எழுதிக் குடுங்கன்னு கேட்டா அடுத்த வருசம் அந்த வயல் நமக்கு இல்ல." இதில் ஒரு முழுச் சட்ட விளக்கம் இருக்கிறது. ரசீது கேட்பது பாக்கி வைப்பதைவிடப் பெரிய குற்றம். பாக்கிக்காவது அவகாசம் உண்டு.

இதே சட்டம் குத்தகை ஒப்பந்தத்தை மூன்று படிகளாக எழுதச் சொல்கிறது. நிலக்காரருக்கு ஒன்று, குத்தகைதாரருக்கு ஒன்று, தாலுகா ஆபீசுக்கு ஒன்று. அந்த மூன்றாம் படியைக் கண்ணால் பார்த்தவரை நான் இன்னும் சந்திக்கவில்லை.

நெல் வயல் கதை இது. பெரம்பலூரின் மானாவாரிக் காட்டுக்குப் போனால் கதை இன்னும் தெளிவு. பருத்தி, மக்காச்சோளம், சின்ன வெங்காயம் போடுகிற கரிசல் காட்டில் குத்தகை ரொக்கமாக, விதை போடுவதற்கு முன்பே கைமாறிவிடுகிறது. முன்பணம் கொடுத்தவருக்குப் பாக்கி எப்படி விழும்? விழாது. மழை பொய்த்தாலும் படைப்புழு தின்றாலும் நிலக்காரர் கணக்கில் நஷ்டம் கிடையாது. போனதெல்லாம் உழுதவர் வட்டிக்கு வாங்கிக் கட்டிய பணம். 1955 சட்டம் கற்பனை செய்த உலகத்தில் முதலில் விளைச்சல், பிறகு வாரம், பிறகு தகராறு. அந்த வரிசையைச் சந்தை தலைகீழாக்கிவிட்டது. போதாக்குறைக்கு ஒத்தி. பணத்தைக் கொடுத்துவிட்டு, திருப்பித் தரும்வரை நிலத்தை அனுபவித்துக்கொள்ளும் ஏற்பாடு. அது அடமானம், குத்தகை இல்லை. ஆகவே இந்தச் சட்டத்தின் பேச்சே அங்கு எழாது.

இப்படித்தான் எப்போதும் இருந்ததா? இல்லை. நான் கொஞ்சம் பின்னால் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

இன்றைய அரியலூர் மாவட்டத்தின் பெரும்பகுதி உடையார்பாளையம், அரியலூர் ஜமீன்களின் பூமி. ஜமீன் ஒழிப்புச் சட்டம் 1948இல் வந்தது. அதற்கு முன் ஜமீன் குடிகளுக்கு இருந்த சட்டங்களைப் புரட்டினால் ஆச்சரியம் காத்திருக்கிறது. 1865ஆம் வருஷத்து வாரவசூல் சட்டத்தில், ஜமீன்தார் பட்டாக் கொடுத்து முச்சலிக்கா வாங்கியிருக்க வேண்டும். அந்தப் பரிமாற்றம் இல்லாமல் பாக்கிக்கு வழக்கோ ஜப்தியோ முடியாது. காகிதம் எழுதும் பொறுப்பு வசூலிக்கிறவர் தலையில் இருந்தது. எழுதாதவருக்கு வசூல் உரிமையே தள்ளாடும். 1908ஆம் வருஷத்து எஸ்டேட் நிலச் சட்டம் இன்னும் ஒரு படி மேலே போனது. நிலத்தில் நிலைத்த குடிக்கு அனுபவ உரிமை உண்டு. பாக்கி விழுந்தால் அந்த உரிமையை ஏலம் விட்டு எடுத்துக்கொள்ளலாம். ஏலம் கொடுமைதான், அதைப் பூசி மெழுக வேண்டாம். ஆனால் ஏலம் விடும் அளவுக்குக் குடியிடம் ஒரு சொத்து இருக்கிறது என்று வெள்ளைக்காரன் சட்டம் ஒப்புக்கொண்டது. மேல்வாரம் ஜமீனுக்கு, குடிவாரம் குடிக்கு என்று நிலத்தில் இரண்டு உரிமை.

ஜமீன் போனதும் அந்தக் குடிகள் அரசாங்கத்தின் நேர்ப் பட்டாதாரர் ஆனார்கள். நல்லதுதான். ஆனால் அவர்களுக்குக் கீழே உழுதவர்களுக்குக் குடிவாரமும் இல்லை, முச்சலிக்காவும் இல்லை. சுதந்திர இந்தியாவின் முற்போக்கான சட்டம் காகிதச் சுமையை மெல்ல இடம் மாற்றியது. 1865இல் எழுதிக் கொடுக்கவேண்டியவர் வாரம் வாங்குகிறவர். 1955க்குப் பிறகு எழுதி வாங்கவேண்டியவர் வாரம் கொடுக்கிறவர். ஏகாதிபத்தியத்தைப் புகழ்வதற்காகச் சொல்லவில்லை. நம்முடைய 'நிலச்சீர்திருத்தம்' என்ற பெருங்கதையாடலுக்குள் இந்தத் தலைகீழ் மாற்றத்தை யாரும் குறித்து வைக்கவில்லை என்பதற்காகச் சொல்கிறேன்.

கொள்ளிடத்தை ஒரு கோடாக வைத்துப் பார்த்தால் இன்னொன்று தெரியும். தென்கரையில் தஞ்சாவூர் மாவட்டத்துக்கு 1952லேயே அவசரச் சட்டம் வந்துவிட்டது, குத்தகைதாரருக்கும் பண்ணையாளுக்கும் சேர்த்து. கம்யூனிஸ்டுகளின் விவசாய இயக்கத்துக்குப் பயந்து ராஜாஜி அரசாங்கம் போட்டது. வடகரை அன்றைக்குத் திருச்சி மாவட்டம். அங்கே பண்ணையாளைச் சட்டம் பேசவில்லை. 1955இல் வந்தது குத்தகைதாரரை மட்டும் பேசியது. பிறகு 1958இல் திருச்சிராப்பள்ளிக்கென்றே பெயர் சூட்டி ஒரு சட்டம் போட்டார்கள், கையேறுவாரம், மாட்டுவாரம் பற்றி. கை உழைப்பைப் போட்டு வாரம் வாங்குகிறவர், மாட்டைப் போட்டு வாரம் வாங்குகிறவர். இவர்களுக்குத் தனிச் சட்டம் தேவைப்பட்டது என்பதே, 1955இன் 'குத்தகைதாரர்' என்ற சொல் இவர்களைத் தொடவில்லை என்பதற்கு அரசாங்கமே கொடுத்த வாக்குமூலம். இவர்களில் யார், எந்தச் சாதி என்று நான் விரித்துச் சொல்ல வேண்டியதில்லை. சேரியிலிருந்து வயலுக்கு வந்தவர் பெரும்பாலும் 'ஆள்' என்ற கணக்கில்தான் வந்தார், குத்தகைதாரர் கணக்கில் அல்ல. பாக்கி வைப்பதற்குக்கூட ஒரு அந்தஸ்து வேண்டியிருந்தது.

சட்டம் குத்தகைதாரரை எப்படி வரையறுக்கிறது என்றும் பார்க்க வேண்டும். தன் சொந்த உடலுழைப்பையோ தன் குடும்பத்தாரின் உடலுழைப்பையோ நிலத்தில் செலுத்துகிறவர். நல்ல வரையறை, உடம்பை அளவுகோலாக வைக்கிறது. ஆனால் நாற்றுப் பறிப்பதும் நடுவதும் களையெடுப்பதும் பருத்தி பொறுக்குவதும் யார் உடம்பு? அவள் உழைப்பு அவனைக் குத்தகைதாரர் ஆக்குகிறது. பதிவேடு இருக்கும் இடத்திலும் பெயர் அவன் பெயர். அவன் செத்தால் அவள் 'வாரிசு'. 'உழுபவனுக்கே நிலம்' என்று நாம் சுவரில் எழுதியபோது அந்த 'அன்' விகுதியைப் பற்றி யாரும் யோசிக்கவில்லை. சட்டம் எழுதியவர்களும் நாமும் அந்த விஷயத்தில் ஒரே கட்சி.

அப்படியானால் மூன்றாம் பிரிவின்படி பாக்கி வழக்கு நிஜமாக யார்மேல் விழுகிறது? காகிதம் இருக்கும் இடத்தில். அதாவது பெரும்பாலும் கோவில் நிலத்திலும் மட நிலத்திலும். அவற்றுக்கு 1961ஆம் வருஷத்துப் பொது அறக்கட்டளைச் சட்டம் தனியாக உண்டு. பாக்கிக்காக வெளியேற்றுவது அதிலும் உண்டு. அங்கே ரசீது இருக்கிறது, பதிவேடு இருக்கிறது, தமிழில் அச்சடித்த நோட்டீசும் வருகிறது. ஆனால் பதிவேட்டில் இருப்பவர் பல இடங்களில் உழுகிறவர் இல்லை. அப்பாவோ தாத்தாவோ எடுத்த குத்தகையை வைத்துக்கொண்டு டவுனில் இருப்பார். வயலில் இருப்பது உள்குத்தகைக்காரர். இவர் அவரிடம் ஒழுங்காகக் கொடுத்துவிட்டார், அவர் கோவிலுக்குக் கட்டவில்லை. வெளியேற்ற உத்தரவு அவர் பெயருக்கு வரும், வரப்பை விட்டு இறங்குவது இவர். வெறும் இடைத்தரகர் சாகுபடிக் குத்தகைதாரர் ஆகமாட்டார் என்று 1955 சட்டத்தில் இருக்கிறது. அதை எடுத்துச் சொல்ல வேண்டியவருக்கோ வழக்கு நடந்ததே தெரியாது.

இந்த இருட்டைப் போக்கத்தான் 1969இல் குத்தகை உரிமைப் பதிவேட்டுச் சட்டம் வந்தது. குத்தகைதாரர் மனுக் கொடுக்கலாம், நிலக்காரருக்கு நோட்டீஸ் போகும், விசாரித்துப் பெயர் ஏற்றுவார்கள். 1956ஆம் வருஷத்து நியாய வாரச் சட்டத்தையும் 1980இல் திருத்தினார்கள். நன்செய்க்கு 40 சதவீதமாக இருந்த நிலக்காரர் பங்கு 25 சதவீதமானது. ஏக்கருக்கு 24 மூட்டை விளைந்தால் 6 மூட்டை. இந்தக் கணக்கைத் திருமானூர்ப் பெரியவரிடம் சொன்னபோது அவர் என்னைப் பார்த்த பார்வையை எழுத்தில் கொண்டுவர என்னால் முடியாது.

மேற்கு வங்கத்திலும் சட்டத்தில் இருந்த பங்கு இதேதான். விதை, உரம், மாடு எல்லாம் பர்காதாரர் போட்டால் நிலக்காரருக்கு 25. பின்னம் ஒன்றுதான், நடந்தது வேறு. 1978இல் தொடங்கிய ஆபரேஷன் பர்காவில் சுமார் 14 லட்சம் பேர் பெயர் ஏறியது. இரண்டு காரணம். ஒருவர் இன்னொருவர் நிலத்தை உழுதுகொண்டிருந்தால் அவர் பர்காதாரர் என்றே கொள்ள வேண்டும், இல்லையென்று நிரூபிப்பது நிலக்காரர் பாடு என்று 1977இல் சட்டத்தைத் திருத்தியிருந்தார்கள். அடுத்தது, ஆபீசில் உட்கார்ந்து மனு வாங்கவில்லை. அதிகாரிகள் ஊருக்குள் முகாம் போட்டு, உழுகிறவர்களைக் கூட்டமாக உட்காரவைத்துப் பேசி எழுதினார்கள். நம் சட்டம் தனியாளாக வந்து நிரூபி என்கிறது. தனியாளாக வருவதற்குத்தானே அந்த மனிதர் பயப்படுகிறார்? வங்கத்தைத் தலையில் தூக்கி வைத்துக்கொள்ளவும் நான் தயாரில்லை, நிலமற்ற கூலிக்கு அங்கும் பெரிதாக எதுவும் நடந்துவிடவில்லை. ஆனால் நிரூபிக்கும் சுமையை நகர்த்தினால் என்ன ஆகும் என்பதற்கு அது சாட்சி.

2016இல் நிதி ஆயோக் ஒரு மாதிரிச் சட்டம் கொடுத்தது. அதன் தர்க்கம் எளிமையானது. நிலம் கைவிட்டுப் போய்விடுமோ என்ற பயத்தில்தான் நிலக்காரர் குத்தகையை மறைக்கிறார், அந்தப் பயத்தைப் போக்கிவிட்டால் எழுதிக் கொடுப்பார்; ஆகவே எத்தனை வருஷம் உழுதாலும் நிலைத்த உரிமை வராது என்று உறுதி கொடுப்போம். பாதியளவு உண்மை இதில் இருக்கிறது, மறுக்கவில்லை. கடனும் நிவாரணமும் கிடைக்க ஒரு சீட்டு வேண்டும் என்று உழுகிறவர்களே கேட்கிறார்கள். ஆனால் இந்த ஏற்பாட்டில், எழுத்தில் வருவதற்கு விலை நிரந்தரமாகத் தற்காலிகமாக இருப்பது. பயப்படுகிற இருவரில் ஒருவர் பயத்தை மட்டும் அரசாங்கம் 'பிரச்சினை' என்று பார்க்கிறது.

அந்தச் சீட்டு இல்லாததால் என்ன நடக்கிறது என்பதற்கு 2017 ஜனவரியைச் சொல்லலாம். வடகிழக்குப் பருவமழை பொய்த்து, மாநிலத்தின் எல்லா மாவட்டங்களும் வறட்சி பாதித்தவையாக அறிவிக்கப்பட்டன. நெல்லுக்கு ஏக்கருக்கு 5,465 ரூபாய் நிவாரணம். பட்டா, சிட்டா, அடங்கல், வங்கிப் புத்தகம் கேட்டார்கள். அடங்கலில் கிராம நிர்வாக அலுவலர் யார் பெயரை எழுதியிருப்பார்? பிறகு 2019இல் தொடங்கிய பிரதமரின் விவசாயி உதவித்தொகை, வருஷம் 6,000 ரூபாய், நிலம் தன் பெயரில் உள்ளவருக்கு மட்டும். பயிர்க் காப்பீடு குத்தகைதாரருக்கும் உண்டு என்கிறது விதி, ஒப்பந்தத்தைக் கொண்டுவந்தால். காய்ந்தது இவர் பயிர், நிவாரணம் அவர் கணக்கில், குத்தகைப் பாக்கி மறுபடி இவர் தலையில். 'பாக்கி' என்பது குத்தகைதாரரின் ஒழுக்கக் குறைபாடு மாதிரி சட்டத்தில் தொனிக்கிறது. அதை உற்பத்தி செய்வதில் அரசாங்கத்துக்கு இத்தனை பங்கு இருக்கிறது.

1972இல் பாக்கி நிவாரணச் சட்டம் ஒன்று போட்டார்கள். நடப்பு ஃபசலியின் குத்தகையைக் கட்டிவிட்டால் பழைய பாக்கி தள்ளுபடி. நல்ல காரியம். பதிவில் இருந்தவர்களுக்கு உதவியிருக்கும்.

சிமெண்ட் ஆலைகளைச் சொல்லாமல் அரியலூரைப் பேச முடியாது. சுண்ணாம்புக்கல்லுக்காக ஏக்கர் ஏக்கராக நிலம் விற்கப்பட்டபோது, ஜெயங்கொண்டம் பக்கம் தொண்ணூறுகளில் பழுப்பு நிலக்கரிக்கென்று நிலம் எடுத்தபோது (அனல்மின் நிலையம் கடைசிவரை வரவில்லை), விலையும் இழப்பீடும் பட்டாவைத் தேடிப் போயின. 2013ஆம் வருஷத்து நிலமெடுப்புச் சட்டம், மூன்று வருஷம் உழுத குத்தகைதாரரையும் வாரதாரரையும் 'பாதிக்கப்பட்ட குடும்பம்' என்று பெயர் சொல்லி அழைக்கிறது. மூன்று வருஷத்துக்கு என்ன ஆதாரம் என்று கேட்டால் மறுபடியும் திண்ணையும் மோரும்தான்.

இவ்வளவு சொன்னபின், மூன்றாம் பிரிவுக்குள் அதிகம் பேசப்படாத ஒரு உட்பிரிவுக்கு வருகிறேன். குத்தகையைத் தானே நீதிமன்றத்தில் கட்டிவிடக் குத்தகைதாரருக்கு அதில் உரிமை இருக்கிறது. நெல்லாகக் கொடுக்க வேண்டியதென்றால் கட்டுகிற நாளின் சந்தை விலை. கட்டியதும் நிலக்காரருக்கு நோட்டீஸ் போக வேண்டும், தொகை சரிதானா என்று விசாரிக்க வேண்டும், குறைந்தால் மீதியைக் கட்ட அவகாசம் கொடுக்க வேண்டும். இந்தச் சட்டத்தில், நிலக்காரர் வாய் திறப்பதற்கு முன்பே உழுகிறவர் தன்னைக் குத்தகைதாரர் என்று எழுதிக்கொள்ளக்கூடிய இடம் இது. பாக்கி வைக்காமலே கண்ணுக்குத் தெரிய ஒரு வழி. நிலக்காரர் 'இவர் என் குத்தகைதாரர் இல்லை' என்று மறுக்கலாம், மறுப்பார். மறுப்பதற்கும் அவர் வந்து, அந்தப் பருவத்தில் அந்தப் புல எண்ணில் யார் உழுதார் என்று சொல்லித் தீர வேண்டும்.

ஒரு ஆள் இதைச் செய்தால் அடுத்த போகத்துக்கு வயல் இருக்காது, கைமாற்றுக் கிடைக்காது, அவர் வீட்டு மாடு வரப்பில் மேய முடியாது. அதனால்தான் சொல்கிறேன், இது வக்கீல் வேலையே இல்லை, சங்க வேலை. ஒரு ஊரில் இருபது முப்பது பேர் ஒரே வாரத்தில் கட்ட வேண்டும். அதற்குப் புல எண்கள் வேண்டும், பரப்பு வேண்டும், ஒழுங்குமுறை விற்பனைக்கூடத்தில் அன்றைய நெல் விலை வேண்டும், வயலில் கூட வேலை செய்தவர்களின் சாட்சி வேண்டும், பெண்கள் பெயரும் மனுவில் இருக்க வேண்டும். இதையெல்லாம் அறுவடை முடிந்து ஆரம்பித்தால் நாள் போதாது. சட்டம் கொடுப்பது ஒரு மாதம். தையில் அறுத்தால் மாசிக்குள் கட்டியாக வேண்டும். வேலையைக் கார்த்திகையிலேயே தொடங்க வேண்டியிருக்கும்.